பின்பக்கமாக இறங்கும் கங்காரு

என் தாய்மாமனுக்குக் கல்யாணம் நடக்காமல் போனதற்கு நான்தான் காரணம். இதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. காரணத்தில் ஒரு கங்காருவும் இருப்பதால், சொன்னால் சிரிப்பார்கள் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

அந்தக் காலத்தில் ஆஸ்திரேலியாவிலிருந்து குதிரைகள் கப்பலில் வந்து மதராஸ் துறைமுகத்தில் இறங்கும். அங்கே உள்நாட்டுப் பண்ணைகளுக்குப் போய் அவற்றை ஓட்டிவருவதும், வழியெல்லாம் புல்லும் தண்ணீரும் காட்டுவதும் மாமாவின் வேலை. மாதக்கணக்கில் காணாமல் போவார். திரும்பி வந்தால் ராயபுரம் கல்மண்டபத்தில் எங்கள் வீட்டில்தான் சாப்பாடு. சாப்பிட்டதும் என்னைக் கடற்கரைக்கு அழைத்துப் போவார். அங்கே சாய்த்து வைத்த கட்டுமரத்தின் நிழலில் படுத்து, கண்ணை மூடிக்கொண்டு பேசுவார்.

"கங்காருன்னா ஒரே ஜாதின்னு நெனச்சிக்கினு கீறியா? உள்ளூரத் தள்ளிப் போனா மண்ணே செவப்பு, மழையே கெடையாது. அங்க கீறது செவப்புக் கங்காரு. ஆளு ஒசரம். ஆம்பள செவப்பு, பொம்பள நீலம்."

"நீலமா?"

"புகை மாரி நீலம்டா."

சாம்பல் நிறக் கங்காருக்களுக்கு மரம் வேண்டுமாம். பகலெல்லாம் நிழலில் கிடந்துவிட்டு, வெயில் தாழ்ந்ததும் கூட்டமாகப் புல்வெளிக்கு வருமாம். பாறை இடுக்குகளில் குட்டையான ஒரு வகை உண்டு. அதன் உள்ளங்கால் சொரசொரப்பானதால் எந்தச் செங்குத்திலும் வழுக்காது. அவர் சொல்லச் சொல்ல, எதிரே இருந்த அலை ஓசை குறைந்து, மணல் சிவந்து, நீலப் புகைகள் தாவித் தாவிப் போவதை நான் பார்த்துக்கொண்டிருப்பேன்.

"வடக்கால மழ வுடாத காடு. அங்க ஒண்ணு மரத்து மேலயே குடும்பம் நடத்துது. வாலு கயிறு மாரி தொங்கும். எறங்கசொல்லோ பின்பக்கமா எறங்கும்."

"நீ பாத்தியா மாமா?"

"நான் அண்ணாந்து பாத்தேன். அது குனிஞ்சி என்னப் பாத்துச்சி."

அதன்பின் பல நாள் ராயபுரத்து மரங்களிலெல்லாம் எனக்கு வால்கள் தொங்கின. சும்மா இருந்திருக்கலாம். பள்ளிக்கூடத்தில் போய்ச் சொன்னேன். வாத்தியார் இங்கிலீஷ் பாடப் புத்தகத்தை விரித்துக் காட்டினார். அதில் ஒரே ஒரு கங்காரு, புல்தரையில் நின்றது. "உங்க மாமா போற ஊர்ல மரத்துல மீனும் காய்க்குமா?" என்றார். அன்று முதல் பையன்கள் என்னை எங்கே கண்டாலும், "டேய் கங்காரு, எறங்குடா!" என்றார்கள்.

அந்த வாரக் கடைசியில் மாமாவுக்குப் பெண் பார்க்கத் திருவொற்றியூர் போனோம். கடலில் அலைகிறவனுக்குப் பெண் கிடைப்பது கடினம். அம்மா நடையாய் நடந்து கொண்டுவந்த சம்பந்தம் அது. பெண்ணின் அப்பா உப்பளத்தில் மேஸ்திரி. தனக்குக் கப்பலில் வேலை என்று புளுகிய ஒருவனுக்கு மூத்த மகளைக் கொடுத்து ஏமாந்தவர். எல்லாம் பிடித்துப்போய், வெற்றிலைத் தட்டு மாற்றினால் நிச்சயம் என்ற நிலையில், தட்டைக் கையில் வைத்துக்கொண்டே கேட்டார்: "அந்தூர்ல இன்னாதான் பாத்தீங்க, மாப்ள?"

மாமா சொன்னார். சிவப்பு மண், நீலப் பெண், பாறை. கூடத்தில் எல்லாரும் வாய் திறந்து கேட்டார்கள். மரத்திலிருந்து பின்பக்கமாக இறங்குவதைக் கையால் நடித்துக் காட்டியபோது கதவுக்குப் பின்னாலிருந்து ஒரு சிரிப்பு வந்தது. பெண்ணின் சிரிப்பு. எனக்கு அது வகுப்பின் சிரிப்பாகக் கேட்டது.

"பொய்," என்றேன். "எங்க புஸ்தகத்துல அப்டி இல்ல."

மேஸ்திரி என்னைப் பார்த்தார். "புள்ள இங்கிலீஷ் படிக்கிதா?"

"ஆமாங்க, கிளாசுல இவன்தான் மொதோ," என்று அம்மா பெருமையாகச் சொல்லிவிட்டாள். பிறகுதான் அவள் முகம் மாறியது.

"இன்னா மாப்ள, பையன் இப்டி சொல்றான்?"

மாமா என் பக்கம் திரும்பினார். "அவன் படிக்கிறவன். அவன் சொன்னா சரியாத்தான் இருக்கும்," என்றார்.

"நல்ல நாளாப் பாத்துச் சொல்லி அனுப்புறேன்," என்று மேஸ்திரி தட்டைத் தரையில் வைத்தார். அங்கிருந்து எந்தச் செய்தியும் வரவில்லை. மாமாவுக்கு வேறு இடமும் பிறகு அமையவில்லை.

கல்லூரியில் படிக்கும்போது ஒரு பெரிய புத்தகத்தில் அந்தப் படத்தைக் கண்டேன். வால் தொங்க, அடிமரத்தைக் கட்டிக்கொண்டு, பின்பக்கமாக இறங்கிக்கொண்டிருந்தது. மாமா அப்போது உயிரோடுதான் இருந்தார். மறுநாளே அவரைப் பார்க்கப் போனேன். மழையைப் பற்றியும் அம்மாவின் மூட்டுவலியைப் பற்றியும் பேசிவிட்டுத் திரும்பினேன். அதன்பின் பதினொரு வருடம் அவர் இருந்தார். நான் சொல்லவில்லை.

திருவொற்றியூரிலிருந்து திரும்பிய அன்று மணல் சுட்டது. மாமா என்னை முதுகில் தூக்கிக்கொண்டார். அவர் தோற்றுவிட்டார், நான் ஜெயித்துவிட்டேன் என்று மிதந்துகொண்டே வந்தேன். எனக்கு ஒன்பது வயது. தான் கண்டது மெய்தான் என்று அவர் சாதித்திருந்தால் அந்தக் கூடத்தில் பொய்யனாகியிருக்கக்கூடியவன் நான் ஒருவன்தான் என்பது, அந்த முதுகின்மேல் இருந்தபோது எனக்குத் தெரியவில்லை.