முண்டியம்பாக்கத்து வாசம்

விடியலில் 'தொம், தொம்' என்று மண்ணில் கால் விழும் சத்தம்தான் என் சிறுவயதில் எங்கள் வீட்டை எழுப்பும். திண்டிவனத்தில் எங்களோடு இருந்த பெரியப்பா, வாசலில் நின்ற இடத்திலேயே ஓடுவார். பட்டாளத்தில் ஓட்டப்பந்தய வீரராக இருந்தவர். போரில் பிடிபட்டு, எதிரி நாட்டுச் சிறையில் நெடுநாள் கிடந்து, வலது கால் வளைந்து திரும்பியவர்.

நாலு எட்டு வைத்தால் சுவரில் முட்டும் அந்த அறையில், கால் செத்துவிடக் கூடாதென்று நின்றபடியே ஓடினாராம். மனத்துக்குள் திண்டிவனத்தில் கிளம்பி, கூட்டேரிப்பட்டு, விக்கிரவாண்டி என்று புளியமரம் புளியமரமாகத் தாண்டுவார். மறுநாள் விட்ட இடத்திலிருந்து தொடங்குவார். காய்ச்சலில் படுத்தால் கால்விரலையாவது அசைப்பார். பெரியம்மா பிறந்த விழுப்புரத்துக்குள் மட்டும் நுழையமாட்டார். அங்கே நிஜக் காலால்தான் ஓடிப் போகவேண்டும் என்பது அவர் வைராக்கியம்.

ஆனால் ஊர் திரும்பியபின், திறந்த ரோட்டில் அவரால் ஓட முடியவில்லை. நாலு எட்டு வைத்ததும், எதிரில் சுவர் இருப்பதுபோலக் கால் நின்றுவிடும்.

"என்னா மாமா, வாசல்லயே மெட்ராசு போய்க்கினு கீறீங்களா?" என்று தெருவில் கிண்டல் செய்வார்கள். அவரும் சிரிப்பார், அன்றைக்குச் சோறு இறங்காது.

ஒரு காணும் பொங்கலன்று, விழுப்புரம் போகிற பஸ்ஸிலிருந்து பெரியம்மா பெரியப்பாவையும் என்னையும் விக்கிரவாண்டியிலேயே இறக்கி, தானும் இறங்கினார். மல்லாட்டை என்று நாங்கள் சொல்லும் வேர்க்கடலை உருண்டைத் தூக்கை என் கையில் கொடுத்துவிட்டு, புடவையை இழுத்துச் செருகிக்கொண்டார்.

"எங்க அம்மா வூட்டுக்கு நான் நடந்தே போறேன். முடிஞ்சா வந்து புடிங்க."

பெரியப்பா நாலு எட்டு வைத்து நின்றார். பெரியம்மா திரும்பிப் பார்க்கவே இல்லை. நான் இருவருக்கும் நடுவில் தவித்தேன். பின்னாலிருந்து அந்தத் 'தொம், தொம்' கேட்டது. இந்தமுறை அது என்னைத் தாண்டிப் போனது.

நொண்டி நொண்டித்தான் ஓடினார். பெரியம்மாவைப் பிடித்தபிறகும் ஓடினார். முண்டியம்பாக்கத்தில் சட்டென்று நின்று கண்ணைத் துடைத்தார்.

"மறுபடியும் செவுரா?" என்று பதறினார் பெரியம்மா.

"இல்லடி. ஒரு மரம் வுடாம ஞாபகம் வச்சிக்கினு இருந்தேன். இந்தக் கரும்பாலை வாசத்த மறந்தே பூட்டேன்."

விழுப்புரத்து எல்லையில் பெரியம்மா ஒதுங்கி நின்று, அவரை முன்னால் விட்டார்.

பெரியப்பா இப்போது இல்லை. அவர் எண்ணிக் கடந்த புளியமரங்களையும் நாலுவழிச் சாலைக்காக வெட்டிவிட்டார்கள். பிள்ளைகளே, பஸ்ஸில் போகையில் முண்டியம்பாக்கத்தில் உங்கள் அப்பா நான் ஜன்னலைத் திறந்தால் தூசி என்று சலித்துக்கொள்ளாதீர்கள். கொஞ்சம் குனிந்து பாருங்கள். செருப்புக்குள் என் கால்விரல்கள் அசைந்துகொண்டிருக்கும்.