விஜயதசமியன்று எரிந்த பெங்குவின்

பனியில், இரண்டு பாதங்களின் மேல் ஒரு முட்டையை வைத்துக்கொண்டு, தலை குனிந்து நிற்கும் அப்பா பெங்குவின். அந்தப் படம் இருந்த பக்கத்தின் ஓரம் மட்டும் கசங்கியிருக்கும். நான் திருப்பித் திருப்பிப் பார்த்ததால் வந்த கசங்கல். அப்போது திருச்சியில் கன்னியாஸ்திரிகள் நடத்திய பள்ளிக்கூடத்தில் ஐந்தாம் வகுப்பு படித்தேன். பூஜை விடுமுறைக்கு எங்கள் டீச்சரம்மா அந்தப் படப்புத்தகத்தைக் கொடுத்து, "பத்திரமாக் கொண்டு வரணும், கண்ணு" என்றார். இங்கிலீஷ் புத்தகம்தான். ஆனால் கதையை அவர் வகுப்பில் தமிழில் சொல்லியிருந்தார். படத்தைப் பார்த்தாலே எனக்கு வரிவரியாக வந்துவிடும். அம்மாப் பறவை இரை தேடிக் கடலுக்குப் போகும். அப்பா தின்னாமல், நகராமல், குஞ்சு வரும்வரை முட்டையைக் காக்கும். எனக்கு அப்பா இல்லை. ஸ்ரீரங்கத்தில் பெரியப்பா அகத்தில் நானும் அம்மாவும் ஒண்டியிருந்தோம்.

சரஸ்வதி பூஜையன்று குழந்தைகள் எல்லோரும் புத்தகங்களைப் பெருமாள் முன்னே அடுக்கினோம். அன்றைக்குப் படிக்கக் கூடாது. மறுநாள் விஜயதசமி காலையில் ஆளுக்கு ஒன்றை எடுத்து ஒரு பக்கமாவது உரக்கப் படித்தே ஆக வேண்டும். பெரியப்பாவின் பிள்ளைகள் கணக்கும் சரித்திரமும் எடுத்தார்கள். நான் எனக்குப் பிடித்ததை எடுத்தேன். பெருமாளும் ஆசையாகக் கேட்பார் என்று நிஜமாகவே நம்பினேன்.

"அப்பா பெங்குவின் முட்டையைக் கால் மேல வச்சுண்டு…"

"நிறுத்துடி! என்னது அது?" என்றார் பெரியப்பா.

"முட்டை, பெரியப்பா."

அவருடைய மூத்த பிள்ளை வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தான். "பெருமாளுக்கு இன்னிக்கு ஆம்லெட்தான் தளிகை!"

அந்தச் சிரிப்புதான் என் தலையில் விடிந்தது. "ராத்திரி பூரா பெருமாள் முன்னாடி முட்டை இருந்திருக்கா? அங்கே இதைத்தான் சொல்லித் தராளா?" என்று பெரியப்பா எழுந்தார். கையால் தொட்டால் தீட்டு என்று இடுக்கியால் புத்தகத்தைப் பிடித்துக்கொண்டு போய் வெந்நீர் அடுப்பில் போட்டார். "படம்தானே அது" என்று அம்மா மெல்ல வாயைத் திறந்தாள். "நீ உள்ளே போ" என்றார். பிறகு என்னைப் பார்த்து, "இனிமே பள்ளிக்கூடம் கிடையாது. நீ படிச்சுக் கிழிச்சது போறும்" என்றார். ஊர்க் குழந்தைகள் எல்லாம் அட்சரம் தொடங்கும் நாளில் என் படிப்பு முடிந்தது. புத்தகத்தை எரித்ததைக்கூட விட்டுவிடுவேன். இதை விடமாட்டேன் என்று அன்றைக்கே பெருமாளிடம் சொல்லிவிட்டேன்.

1960-களில் நான் திருவானைக்காவலில் குடித்தனம் செய்துகொண்டிருந்தேன். பெரியப்பா பாரிச வாயு வந்து படுத்துவிட்டார், கண்ணும் மங்கிவிட்டது. படித்த பிள்ளைகள் பம்பாயிலும் டில்லியிலும் இருந்தார்கள். பெரியம்மாவும் போய்விட்டாள். கஞ்சி கொடுக்கவும் துடைத்துவிடவும் நான்தான் போனேன். ஒரு குறையும் வைக்கவில்லை. ஒருநாள், "பொழுது போகலை, ஏதாவது வாசியேன்" என்றார். என் பையனுக்காக மலைக்கோட்டைக் கடையில் வாங்கிய தமிழ்ப் படப்புத்தகம் ஒன்று பையில் இருந்தது. அதுவும் பெங்குவின் கதைதான். வாசித்தேன்.

முட்டை என்று வந்த இடத்தில் நிறுத்தி அவர் முகத்தைப் பார்த்தேன். ஒன்றுமே இல்லை. அவருக்கு ஞாபகமே இல்லை! என் தலையெழுத்தை மாற்றிய காலைப்பொழுது அவர் மனசில் ஒரு கீறல்கூட விடவில்லை. "பேஷ், பாவம், பட்டினியோட நிக்கறதே. அப்புறம்?" என்றார்.

புத்தகத்தை மூடினேன். "அப்புறம் தெரியாது பெரியப்பா. எனக்கு இதுவரைக்கும்தான் படிக்கக் கொடுத்துவச்சது."

மறுநாளும் கேட்டார். மறுநாளும் அந்தப் பக்கம் வரைக்கும் வாசித்து மூடினேன். "குஞ்சு வந்துதோ இல்லையோ, அதையாவது சொல்லேண்டி" என்று குழந்தை மாதிரிக் கெஞ்சுவார். எனக்குள் ஏதோ குளிர்ந்தது. கோபித்தார், திட்டினார், கண்ணில் நீர் விட்டார். அடுத்த அகத்து மாமி, "போறபோக்குல சொல்லிட்டுப் போயேன், என்ன குறைஞ்சுடப் போறது?" என்றாள். "உங்களுக்குத் தெரியாது மாமி, குறைஞ்சுடும்" என்றேன்.

கடைசி நாளில் அவர் வாயில் தீர்த்தம் விட்டது நான்தான். துளசி வைத்தேன். காதோடு காதாக நாராயண நாமம் சொன்னேன். உதடு அசைந்தது, குனிந்து கேட்டேன். "பொரிச்சுதோ?" என்றார்.

மறுபடியும் நாராயணா என்றுதான் சொன்னேன்.