முப்பத்து நான்கு அச்சுகளும் ஒரு சனிக்கிழமையும்

லியோபா ரொய்ஷ்லேயும் ஆல்வின் ரொய்ஷ்லேயும் பத்தொன்பது வருடம் குடித்தனம் செய்துவிட்டு, 1984-ஆம் வருடம் இலையுதிர்காலத்தில் பிரிந்தார்கள். அடிதடி கிடையாது. குடி கிடையாது. இன்னொருத்தியும் அப்போது கிடையாது. ஆல்வின் மாவட்ட நில அளவைத் துறையில் வேலை பார்த்தான். லியோபா அக்கார்டியன் பட்டறையில் ரீடுகளுக்குச் சுருதி சேர்ப்பவள். எஃகு நாக்கை ஒரு மயிரிழை சுரண்டி, காதருகே வைத்துக் கேட்டு, மறுபடி ஒரு மயிரிழை சுரண்டுவாள். ஆல்வின் தினமும் காலையில் சவரம் செய்யும்போது சீட்டியடிப்பான். அது எப்போதும் கால் சுருதி குறைவாகவே இருக்கும். பத்தொன்பது வருடமும் அப்படியே இருந்தது. பிரிவுக்குக் காரணம் கேட்டவர்களிடம் லியோபா, “அவர் சீட்டியடிக்கிறார்” என்று மட்டும் சொன்னாள். தென் ஜெர்மனியின் ஷ்வாபியாவில் இதற்கு மேல் யாரும் துருவிக் கேட்க மாட்டார்கள்.

சாமான் பிரிப்பதில் தகராறே வரவில்லை. கார் அவனுக்கு, தையல் இயந்திரம் அவளுக்கு, சோபா அவனுக்கு, கட்டில் யாருக்கும் வேண்டாம். நீதிமன்றத்தில் எழுத்தர் பட்டியலை வாசித்துக்கொண்டே போனார். கடைசியில், “தகரப் பெட்டி ஒன்று. அதில் குட்ஸ்லே அச்சுகள் முப்பத்து நான்கு” என்றார்.

“என்னுது” என்றார்கள் இருவரும் ஒரே நேரத்தில். அவர்கள் ஒரே குரலில் பேசி ஆறேழு வருடமாகியிருந்தது.

குட்ஸ்லே என்பது கிறிஸ்துமஸுக்கு முந்தைய நான்கு வாரங்களில் அந்தப் பக்கத்தில் வீட்டுக்கு வீடு சுடும் வெண்ணெய் பிஸ்கட். மாவு, வெண்ணெய், சர்க்கரை, மஞ்சள் கரு, கொஞ்சம் எலுமிச்சைத் தோல். அவ்வளவுதான்.

நீதிபதி கடிகாரத்தைப் பார்த்தார். மணி பதினொன்றே முக்கால். “இந்த ஒரு டப்பாவுக்கா ரெண்டு பேரும் இப்படி மல்லுக்கு நிக்கிறீங்க? கடையில புதுசு விக்குதே!”

“விக்குது. அதுல பன்னி அச்சு இல்லைங்க” என்றாள் லியோபா.

“அந்தப் பன்னி எங்க அத்தையோடது” என்றான் ஆல்வின்.

“அத்தை வெச்சிருந்தது பத்து வருஷம். நான் கழுவினது பத்தொன்பது வருஷம்.”

நீதிபதி பசியோடு ஒரு சமரசம் சொன்னார். பெட்டி லியோபாவிடம் இருக்கட்டும். வருடத்தில் ஒரு நாள், கிறிஸ்துமஸுக்கான முதல் மெழுகுவர்த்தி ஏற்றும் ஞாயிறுக்கு முந்தைய சனிக்கிழமை, காலை ஒன்பதிலிருந்து மாலை ஆறு வரை அதைப் பயன்படுத்தும் உரிமை ஆல்வினுக்கு. அவன் பெட்டியோடு கம்பி நீட்டிவிடக் கூடாதே என்று லியோபாவின் வக்கீல் ‘வைத்திருக்கும் இடத்திலேயே’ என்று இரண்டு வார்த்தை சேர்த்தார். எல்லோரும் கையெழுத்துப் போட்டார்கள். அந்த இரண்டு வார்த்தைக்கு என்ன பொருள் என்பது லியோபாவுக்குப் படியிறங்கும்போதுதான் உறைத்தது. ஆல்வின் இனி வருடாவருடம் அவளுடைய சமையலறைக்கு வந்து பிஸ்கட் சுடுவான்.

அந்த டிசம்பர் முதல் தேதி ஒன்பது மணி அடிக்கும்போதே அழைப்பு மணியும் அடித்தது. ஆல்வின் ஒரு கையில் வெண்ணெய்ப் பொட்டலமும் மறு கையில் இரண்டு மரச்சட்டங்களுமாக நின்றான்.

“உள்ள வாங்க, ஹெர் ரொய்ஷ்லே” என்றாள் லியோபா, முன்பின் தெரியாதவரிடம் பேசுகிற மாதிரி.

அவன் வாசலிலேயே நின்றுவிட்டான். “என்னது, வாங்களா? ஆறாங்கிளாஸ்ல என் பக்கத்துல உக்காந்து என் பென்சிலைக் கடிச்சவ நீ.”

“அப்போ கடிச்சேன். இப்போ நீங்கதான். ஷூவைக் கழட்டுங்க, தரை துடைச்சிருக்கு.”

அன்றைக்குச் சுடவேண்டிய அவசியம் அவளுக்கு இல்லை. ஆனால் வீட்டில் ஓர் ஆள் நிற்கும்போது கையைக் கட்டிக்கொண்டு பார்த்துக்கொண்டிருக்க முடியுமா? அவளும் தன் மாவைப் பிசைந்தாள். மேசையின் ஜன்னல் பக்கம் அவளுக்கு, அடுப்புப் பக்கம் அவனுக்கு. ஆல்வின் மாவின் இருபுறமும் மரச்சட்டங்களை வைத்து, அவற்றின் மேல் உருட்டுக்கட்டையை ஓட்டினான். மாவு எங்கும் ஒரே கனமாக வந்தது.

“நாலு மில்லிமீட்டர்” என்றான்.

“குட்ஸ்லே சுட வந்தீங்களா, ரோடு போட வந்தீங்களா?”

அவன் அச்சுகளை எடுத்தான். நட்சத்திரம், இதயம், பிறை, பன்னி என்று வரிசையாக வெட்டி, ஒன்றுக்கொன்று விரற்கடை இடைவெளியில் தட்டில் அடுக்கினான். ஓர் அச்சு மட்டும் என்ன உருவமென்று யாருக்கும் தெரியாது. ஆல்வின் அணில் என்பான், லியோபா தேநீர்க் கெண்டி என்பாள். அதைப் பற்றி அரை மணி நேரம் வாதம் நடந்தது. பிறகு அவன் முதல் தட்டை வெளியே எடுக்கப் போனான். லியோபா குறுக்கே புகுந்து ஒரு பிஸ்கட்டை நகத்தால் தட்டிக் காதருகே வைத்துக்கொண்டாள்.

“இன்னும் வேகல.”

“பார்த்தா வெந்த மாதிரிதான் இருக்கு.”

“கேட்டா வேகல.”

இன்னும் இரண்டு நிமிடம் விட்டார்கள். ஓரம் மட்டும் பொன்னிறமாக வந்தது. சரியாக ஆறு மணிக்கு ஆல்வின் இரண்டு டப்பா நிறைய எடுத்துக்கொண்டு போனான்.

இப்படியே மூன்று வருடம் ஓடியது. 1987-இல் ஆல்வின் மார்லீஸைக் கல்யாணம் செய்துகொண்டான். அவள் வடக்கே, புதர்க்காட்டுச் சமவெளியிலிருந்து வந்தவள். பல் மருத்துவரிடம் உதவியாளர். ஒப்பந்தத்தில் தன் பெயர் இல்லை என்பதால் அந்தச் சனிக்கிழமை அவள் மாடி ஏறவில்லை. கீழே காரில் கம்பளியைப் போர்த்திக்கொண்டு, ஃபிளாஸ்க் காபியோடு, ஒன்பதிலிருந்து ஆறு வரை உட்கார்ந்திருந்தாள். மறு வருடமும் அப்படியே. தெருவே ஜன்னல் திரையை விலக்கிப் பார்த்தது. மதியத்துக்குள் லியோபாவுக்குப் பொறுக்கவில்லை. மூன்றாம் மாடி ஜன்னலைத் திறந்தாள்.

“ஃப்ரௌ ரொய்ஷ்லே!”

மார்லீஸ் கண்ணாடியை இறக்கிவிட்டு மேலே பார்த்தாள். இரண்டு பேருக்கும் அதே பெயர்தான், திருமதி ரொய்ஷ்லே. லியோபா பழைய பெயருக்குத் திரும்பியிருக்கவில்லை. அதற்கு நிறைய படிவம் நிரப்ப வேண்டும்.

“மேல வாங்க! நீங்க அங்க உறைஞ்சு செத்தீங்கன்னா, பேப்பர்ல ‘ஃப்ரௌ ரொய்ஷ்லே காலமானார்’னு போடுவான். மலர்வளையம் என் வீட்டுக்குத்தான் வரும்.”

மார்லீஸ் யோசித்துவிட்டு ஏறி வந்தாள். அடுத்த வருடம் அவள் வெறுங்கையோடு வரவில்லை. வெண்ணெயைச் சிவக்க உருக்கி ஆறவைத்துப் பிசைந்து, உருளையாகத் திரட்டிக் குளிரவைத்த மாவு கொண்டுவந்தாள். அவர்கள் பக்கத்துப் பண்டம் அது. வாயில் போட்டால் ஈர மணல் மாதிரி உதிரும். உருளையைப் பலகையில் வைத்து, கத்தியால் காசு காசாக நறுக்கினாள்.

“இதுக்கு எந்த அச்சு?” என்று லியோபா கேட்டாள்.

“அச்செல்லாம் வேண்டாங்க. கத்தி போதும்.”

நீதிமன்றம் வரை போன இருவரும் அந்தக் கத்தியைப் பார்த்தார்கள். ஆல்வின் கையிலிருந்த அணிலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். லியோபா போய் அடுப்பைச் சரிபார்த்தாள். அது சரியாகத்தான் எரிந்துகொண்டிருந்தது.

1993 நவம்பரில் ஆல்வின் ஒரு கல் குவாரியை அளக்கப்போய், சரிவில் சறுக்கி, காலை இரண்டு இடத்தில் முறித்துக்கொண்டான். அது நடந்தது புதன்கிழமை. சனிக்கிழமை ஒன்பது மணிக்கு மார்லீஸ் மட்டும் வந்தாள், கையில் ஒரு தாளோடு. தன் உரிமையை இந்த ஒரு தடவை மனைவி பயன்படுத்த அதிகாரம் அளிப்பதாக ஆல்வின் எழுதியிருந்தான். லியோபா வாசலில் நின்றபடியே இரண்டு முறை படித்தாள்.

“ஒரு எழுத்துப்பிழை இருக்கு.”

“படுத்துக்கிட்டு எழுதினாருங்க.”

“சரி, உள்ள வாங்க.”

மரச்சட்டங்களை மார்லீஸ் கொண்டுவந்திருந்தாள். இருவரும் அவற்றைத் தொடவில்லை. மாவு ஓரிடத்தில் கனமாகவும் ஓரிடத்தில் மெலிதாகவும் வந்தது. நான்காவது தட்டு வெந்துகொண்டிருக்கும்போது மார்லீஸ் கேட்டாள்:

“ஒன்னு கேக்கட்டுங்களா? எங்க வீட்ல அந்த ரெண்டு டப்பாவும் ஈஸ்டர் வரைக்கும் அப்படியே கெடக்கு. அவர் ஒன்னுகூட வாயில வெக்கிறதில்ல. உங்களோட இருந்தப்போ சாப்பிட்டாரா?”

லியோபா யோசித்தாள். “இல்ல. வெட்டுவார். அடுக்குவார். டப்பாவை மூடுவார்.”

“அப்புறம் எதுக்குக் கோர்ட்டு வரைக்கும் போனாரு?”

“நான் எதுக்குப் போனேன்னு எனக்குத் தெரிஞ்சா, அவர் எதுக்குப் போனார்னு சொல்லலாம்.”

இதை அவள் யாரிடமும் சொன்னதில்லை. தனியாக இருப்பது அவளுக்குப் பிடித்திருந்தது. காலையில் வீடு அமைதியாக இருக்கும், எந்தச் சுருதியும் குறையாது. ஆனாலும் ஒவ்வொரு நவம்பரிலும் கடைசி வாரம் அடுப்பைத் தேய்த்துக் கழுவி, நல்ல வெண்ணெயாகப் பார்த்து வாங்கிவைத்தாள். யாரோ விருந்தாளி வரப்போகிற மாதிரி. அது அவளுக்கே எரிச்சலாக இருக்கும்.

மார்லீஸ் கையைத் துடைத்துக்கொண்டாள். “அவர் உங்களுக்குத் திரும்ப வேணுமா? நேராவே சொல்லிடுங்க. நான் கோவிச்சுக்க மாட்டேன். கொஞ்சம்தான் கோவிச்சுக்குவேன்.”

“ஐயையோ! நீங்களே வெச்சுக்கோங்க. இன்னும் சீட்டியடிக்கிறாரா?”

“தினமும்.”

“கால் சுருதி கம்மியா?”

“எனக்கு அதெல்லாம் தெரியாதுங்க. எனக்குச் சங்கீதக் காதே கெடையாது.”

“அதான் பொருந்துது” என்றாள் லியோபா. மனசிலிருந்து ஏதோ இறங்கின மாதிரி இருந்தது. அலமாரியிலிருந்து செர்ரிச் சாராயத்தை எடுத்து இரண்டு சின்னக் குவளையில் ஊற்றினாள். “நான் மூத்தவ. நான்தான் சொல்லணும். இனிமே நமக்குள்ள இந்த ‘நீங்க’ வேண்டாம்.”

“சரி. நீ” என்றாள் மார்லீஸ்.

குவளைகள் மோதிக்கொண்டன. நான்காவது தட்டு லேசாகச் சிவந்துபோயிருந்தது.

தமிழ்நாட்டில் இந்த உறவுக்குச் சக்களத்தி என்று ஒரு சொல் தயாராக இருக்கிறது. அந்த ஊரில் அப்படி ஒன்று இல்லாததால் அவர்கள் சண்டை போடவேண்டிய கட்டாயமும் இல்லாமல் போயிற்று.

மறு வருடம் ஆல்வின் கைத்தடியோடு வந்தான். வேலை ஆரம்பித்துப் பத்து நிமிடம்கூட ஆகவில்லை.

“மார்லீஸ், அந்த மஞ்சள் கருவை இங்க தள்ளு” என்றாள் லியோபா.

“நீயே எடுத்துக்கோ. என் கையெல்லாம் மாவு.”

ஆல்வின் உருட்டுக்கட்டையைக் கீழே வைத்தான். “எப்போலேர்ந்து இது?”

“போன வருஷத்துலேர்ந்து” என்றாள் மார்லீஸ்.

“ஆறாங்கிளாஸ்லேர்ந்து தெரிஞ்சவன் நான். எனக்கு நீங்க, அவளுக்கு நீயா?”

“உங்களோட எனக்குக் கேஸ் நடந்திருக்கு. அவளோட நடக்கலையே!” என்றாள் லியோபா.

“அப்படின்னா என் உரிமையே எனக்கு வேண்டாம். விட்டுட்டேன்.”

“எழுதிக் குடுங்க.”

அவன் எழுதித் தரவில்லை. கோட்டை மாட்டிக்கொண்டு, தடியை ஊன்றி, ஐம்பத்து நான்கு படி இறங்கிப் போனான். வெளியே மைனஸ் ஆறு டிகிரி. கார்ச் சாவி மார்லீஸின் கைப்பையில் இருந்தது. பன்னிரண்டு நிமிடம் கழித்து அவன் மேலே வந்தான். லியோபா அவன் பக்கம் ஒரு நாற்காலியைத் தள்ளினாள். அவன் உட்கார்ந்து பிறைகளை வெட்ட ஆரம்பித்தான்.

அதன் பிறகு பதிமூன்று சனிக்கிழமை ஒரு தடங்கலும் இல்லாமல் நடந்தன. லியோபா வேலையிலிருந்து ஓய்வு பெற்றாள். 2008 அக்டோபரில் ஆல்வினிடமிருந்து பதிவுத் தபால் வந்தது. முழங்கால் இரண்டும் தேய்ந்துவிட்டதாலும், மூன்றாம் மாடிக்கு லிஃப்ட் இல்லாததாலும், மேற்படி உரிமையைத் துறப்பதாக எழுதியிருந்தான். இந்தத் தடவை எழுத்துப்பிழை இல்லை. லியோபா அதை அலமாரியில் கடிகாரத்துக்குப் பின்னால் செருகிவைத்தாள். ஒரு வாரம் அவளுக்கு யாரோடும் பேசப் பிடிக்கவில்லை.

நவம்பர் கடைசிச் சனிக்கிழமை, தகரப் பெட்டியைச் சந்தைக்கு இழுத்துப்போகும் சக்கரப் பையில் போட்டு, இரண்டு பஸ் மாறி, ஒன்பது மணிக்கு ஆல்வின் வீட்டு மணியை அடித்தாள். அவனே கதவைத் திறந்து பையைப் பார்த்தான்.

“இது ஒப்பந்தத்துக்கு விரோதம். பெட்டி இருக்கிற இடத்துலதான் இருக்கணும்.”

“தெரியும். கேஸ் போடுங்க.”

“நான் உரிமையை விட்டுக்குடுத்தாச்சு. கேஸும் போட முடியாது.”

“அப்போ வழிய விடுங்க. குளிருது.”

மார்லீஸின் அடுப்பில் லியோபாவின் அடுப்பைவிடச் சூடு அதிகம். முதல் தட்டு கருகியது. அடுப்பின் மேல் தப்பா, லியோபாவின் காதுக்கு வயதாகிவிட்டதா என்று மூவரும் மதியம் வரை வாதாடினார்கள். மாலைக்குள் பதினோரு தட்டு ஆனது. திரும்பும்போது சக்கரப் பை நிறைய டப்பாக்கள், இடமில்லை. அதனால் அச்சுப் பெட்டி அங்கேயே நின்றுவிட்டது.

மார்லீஸ் பஸ் நிறுத்தம் வரை கூட வந்தாள். பஸ் நான்கு நிமிடம் தாமதம். கீழ்க் கடைவாய்ப் பல் ஒன்று இரண்டு நாளாகக் குடைகிறது என்று லியோபா சொன்னாள். மார்லீஸ் அவளைத் தெருவிளக்குக்குக் கீழே நிற்கவைத்து, வாயைத் திறக்கச் சொல்லிப் பார்த்தாள்.

“பிடுங்கத்தான் வேணும். செவ்வாய்க்கிழமை எட்டரைக்கு எங்க டாக்டர்கிட்ட வா. சாப்பிடாம வராதே” என்றாள்.