மறைந்தவர்கள் பகுதி

மலேசியாவின் ஜொகூர் மாநில எழுத்தாளர்களின் கதைகளைத் தொகுக்கும்போது எனக்கு ஒரு வழக்கம். உயிரோடு இருப்பவர்களின் சுமாரான கதைகளை ஈவிரக்கமில்லாமல் கழித்துவிடுவேன். இறந்தவர் என்றால், எவ்வளவு மோசமான கதையையும் கடைசியில் ‘மறைந்தவர்கள்’ பகுதியில் போட்டுவிடுவேன். செத்தவரிடம் கறார் காட்டி என்ன ஆகப்போகிறது?

போன வருடம் புத்தகம் வெளிவந்த மறுவாரம் சிகாமட்டிலிருந்து ஒருவர் போன் செய்தார். ‘மறைந்தவர்கள்’ பகுதியில் அவர் கதையும் இருந்தது. யாரோ சொன்னதை நம்பி, விசாரிக்காமல் சேர்த்திருந்தேன்.

“சார், நான் உயிரோடதான் இருக்கேன். அடுத்த பதிப்புல திருத்திடுங்க.”

மன்னிப்புக் கேட்டிருக்கலாம். எனக்குக் கோபம்தான் வந்தது. “தெரிஞ்சிருந்தா அந்தக் கதையைச் சேர்த்திருக்கவே மாட்டேன். திருத்தினா கதையையும் எடுத்துடுவேன்” என்றேன்.



“அப்போ திருத்த வேணாம் சார். அப்படியே இருக்கட்டும்” என்றார்.