காதுக்காரி காட்டிய திசை

மீன் பிரிக்கும் கொட்டகையில் எல்லோரும் அவளைக் காதுக்காரி என்றுதான் கூப்பிடுவார்கள். குனிந்து நண்டையும் மீனையும் பிரித்துக் கூடையில் போட்டபடியே, வளைவுக்கு அப்பால் வரும் படகு யாருடையது என்று எஞ்சின் சத்தத்தை வைத்துச் சொல்லிவிடுவாள். "உன் வீட்டுக்காரர் வந்தாச்சு, போய் உலை வை" என்பாள். அந்தச் சின்னத் தீவில் பெண்கள் அவள் சொல்லைக் கேட்டுத்தான் அடுப்பு மூட்டினார்கள். அதில் அவளுக்குக் கொஞ்சம் தலைக்கனம் உண்டு. இருந்துவிட்டுப் போகட்டும், ஒருநாளும் தப்பியதில்லையே!

அன்று மத்தியானம் காற்று பேயாய் அடித்தது. அவள் புருஷனும் கொழுந்தனும் தனித்தனியாகப் போன இரண்டைத் தவிர எல்லாப் படகும் கரையேறிவிட்டன. புருஷன் தெற்கே போயிருந்தான், கொழுந்தன் வடக்கே. அந்தக் காற்றில் தேடிப் போகக்கூடிய பெரிய படகு தீவில் ஒன்றுதான்.

"எந்தப் பக்கம் போகட்டும்?" என்று கேட்டார் அதன் ஓட்டுநர்.

அந்த நேரம் பார்த்து வடக்கு வளைவுக்கு அப்பால் ஒரு சத்தம் கேட்டது. விட்டு விட்டு இருமுகிற கிழட்டு எஞ்சின். கொழுந்தனுடையதேதான், சந்தேகமே இல்லை.

"உன் ஆளு வந்தாச்சுடி!" என்று கொழுந்தன் பெண்டாட்டியான ஓரகத்தியைக் கட்டிக்கொண்டாள். ஓட்டுநரிடம், "தெற்கே போங்க, சீக்கிரம்!" என்று கத்தினாள். பெரிய படகு தென்முனையைத் தாண்டி மறைந்தது. அதற்கு அப்பால் போன் எடுக்காது.

வளைவைத் திரும்பிய படகில் நின்றது அவள் புருஷன்.

அவளுக்குப் போன உயிர் வந்தது, வந்த வேகத்திலேயே போனது.

"தம்பி ரொம்ப தூரம் போறேன்னான். அவன் எஞ்சின் தாங்காதேன்னு காலையில என்னோடத அவனுக்கு மாட்டிவிட்டு, இத நான் எடுத்துக்கிட்டேன். காத்துக்குப் பயந்து தீவைச் சுத்தி வர்றேன்" என்றவன், கரையில் இருந்த முகங்களைப் பார்த்தான். "அவன் இன்னும் வரலையா?"

ஓரகத்தி மாற்றுச் சட்டையும் துண்டுமாய் முழங்கால் தண்ணீரில் நின்றாள்.

"அக்கா, நீங்கதானே வந்துட்டாருன்னு சொன்னீங்க?"

வாய்க்கு வந்தபடி திட்டியிருந்தால்கூடத் தேவலை.

புருஷன் கீழே இறங்கவே இல்லை. படகை வடக்கே திருப்பினான். அந்த எஞ்சினை வைத்துக்கொண்டு, அந்தக் காற்றில்! போகாதீங்க என்ற சொல் தொண்டைவரை வந்துவிட்டது. பக்கத்தில் ஓரகத்தி அவளையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"சீக்கிரம் போங்க" என்றாள் காதுக்காரி.