பட்டைச் சூடு

என் மாமாவுக்குத் தெரியாத விஷயமே உலகத்தில் கிடையாது. அப்படித்தான் அவர் நினைத்துக்கொண்டிருந்தார். அம்மாவின் தம்பி, ஆம்பூரில் ஒரு டேனரியில் தோல் ஊறவைக்கும் குழியில் வேலை. ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் வீட்டுக்குச் சாப்பிட வருவார். வயிறு நிறைந்ததும் யோசனை சொல்ல ஆரம்பித்துவிடுவார். அவரை நினைத்தால் இத்தனை வயதுக்குப் பிறகும் எனக்கு முதலில் வருவது கோபம்தான்.

எனக்கு அப்போது ஒன்பது வயது. அப்பா வேலூர்ச் சந்தையில் ஒரு வெள்ளை முயல் வாங்கிக் கொடுத்திருந்தார். மண்ணெண்ணெய் டின் வந்த மரப்பெட்டிக்கு முன்பக்கம் கம்பி வலை அடித்து அதில் வளர்த்தேன். மார்கழிப் பனியில் அது மூலையில் சுருண்டு கிடந்ததை மாமா பார்த்தார். அடுத்த ஞாயிறே இரண்டு கூடை ஆவாரம்பட்டைச் சக்கையோடு வந்துவிட்டார். தோல் பதனிட்ட பிறகு குழியிலிருந்து வாரிக் கொட்டும் ஈரச் சக்கை. குவித்து வைத்தால் தானாகவே சூடேறும். பெட்டிக்கு அடியிலும் மூன்று பக்கமும் அதை அப்பி, மேலே கோணி போட்டு மூடினார். முயலைக் கேட்டாரா, என்னைக் கேட்டாரா?

பனி இருந்தவரை ஒன்றும் ஆகவில்லை. அதற்காக அவர் அடித்துக்கொண்ட பெருமையைக் காது கொடுத்துக் கேட்க முடியாது. பொங்கல் கழிந்ததும் வெயில் திடீரென்று ஏறிவிட்டது. அப்போதும் மனிதர் விடவில்லை. அந்த ஞாயிறு டேனரிக் குவியலின் உள்ளிருந்து ஆவி பறக்கும் சக்கையைக் கொண்டுவந்து புதிதாக அப்பினார். நான் தொட்டுப் பார்த்தேன்.

“மாமா, பொட்டி சுடுது. எடுத்துடு மாமா.”

“ஒண்ணும் ஆவாது. பட்டைச் சூடு ஒடம்புக்கு நல்லது. உனக்கு இன்னாடி தெரியும்?”

நானே பெட்டியைத் தூக்கப் போனேன். அம்மா கையைத் தட்டிவிட்டாள். பெரியவர்கள் பேச்சை மீறுகிறேனாம். குடத்தைக் கொடுத்துத் தண்ணீருக்கு அனுப்பினாள். திரும்பி வந்தபோது முயல் கால் நீட்டி, வாய் திறந்து கிடந்தது. தொட்டால் அதன் காது இரண்டும் கொதித்தன.

குடத்தை அப்படியே போட்டேன். சக்கையை இரண்டு கையாலும் வாரி மாமாவின் மூஞ்சியில் அடித்தேன். அம்மா அடிக்க ஓடி வந்தாள். மாமாதான் தடுத்தார்.

“டேனரில நாங்கல்லாம் குளுருக்கு இந்தச் சக்கை மேலதான் படுக்கறோம். ஒண்ணும் ஆவலியே,” என்றார். குரல் இறங்கியிருந்தது.

“அப்ப இது மட்டும் ஏன் செத்துச்சு?”

அவர் பெட்டியைப் பார்த்தபடி நின்றார். “சூடு ஜாஸ்தியானா நாங்க தள்ளிப் படுத்துக்குவோம். இது எங்க போவும்? பொட்டிக்குள்ள இல்ல இருந்துது.”

அது முன்னாலேயே தெரியாதா என்று கத்தினேன். கத்தியது சரிதான், இன்றைக்கும் அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஒரு வருஷம் அவரோடு பேசவில்லை. ஆனால் அவர் வாயாலேயே சொன்ன இன்னொன்று என் காதில் விழவே இல்லை. எங்கள் வீட்டில் இரண்டு கம்பளி சும்மா மடித்துக் கிடந்தது. என் அம்மாவின் தம்பி மார்கழி முழுக்க அந்த நாறும் சக்கையின்மேல் படுத்துக் கிடந்தார். அதற்கும் கோபப்பட வேண்டும் என்று எனக்குத் தெரியவில்லை.