அங்கப்பண்ணன் பார்த்த இரண்டு மேகங்கள்

துடியலூர் பஸ் ஸ்டாப்பை ஒட்டி இருக்கும் மேட்சிங் சென்டருக்குப் புடவையோடு யார் போனாலும், அங்கப்பண்ணன் முதல் வேலையாக அவர்களை ரோட்டுக்கு அழைத்து வந்துவிடுவார். கடைக்குள் எரியும் டியூப் லைட்டை அவர் ஒருநாளும் நம்பியதில்லை. இடது கையில் முந்தானை, வலது கையில் நாலைந்து பிளவுஸ் பிட், வாசலைத் தாண்டி இரண்டடி. ஒருதரம் வானத்தைப் பார்ப்பார், ஒருதரம் துணியைப் பார்ப்பார். "இதுதானுங்க, எடுத்துட்டுப் போங்க" என்பார். வந்தவர்கள் இன்னொரு பிட்டைத் தொட்டு "இது கொஞ்சம்..." என்று இழுத்தால் காதிலேயே போட்டுக்கொள்ள மாட்டார்.

இதைச் சொல்லும் நான் பழனியாத்தாள். அந்தக் கடைக்குப் பக்கத்தில் மூன்று மிஷின் போட்டுத் தையல் கடை வைத்திருக்கிறேன். அவர் எடுத்துக் கொடுக்கும் பிட்டைப் பதினாலு வருஷமாகத் தைக்கிறேன். எனக்குக் கோபம் மூக்கு நுனியில் இருக்கும் என்று ஊரே சொல்லும். அதனால் நான் ஒருவரைப் பாராட்டினால் அதை நம்பலாம்.

அங்கப்பண்ணனின் சொந்த ஊர் வெள்ளகோவில் பக்கம். விசைத்தறியில் நூல் கட்டிக்கொண்டிருந்தவர், இருபத்தேழு வயசில் இங்கே வேலைக்கு வந்தார். முப்பத்தோரு வருஷம் ஆகிறது. ஒரே மகளைப் பொள்ளாச்சியில் கட்டிக்கொடுத்துவிட்டார். படிப்பு எட்டாவது. கிளிப்பச்சை வேண்டும் என்று கேட்டால், எந்தக் கிளி, குஞ்சா பெரிசா என்று கேட்பார். கேலி என்று நினைத்துக்கொள்வோம். ஆனால் நிஜமாகவே இரண்டு பச்சையும் அவர் அலமாரியில் தனித்தனியாக இருக்கும். வேறு எதிலும் அவருக்குப் பெருமை கிடையாது. இந்த ஒன்றில் மட்டும் கொஞ்சம் திமிர்கூட உண்டு.

போன ஆனி மாதம் அந்தத் திமிருக்கு அடி விழுந்தது.

வெள்ளகோவிலிலிருந்து சுப்பாத்தாள் என்றொரு அம்மா இங்கே தங்கை வீட்டுக்கு வந்திருந்தார். மகள் லோகப்பிரியாவுக்கு ஆவணியில் கல்யாணம். வரவேற்புக்குக் கத்திரிப்பூ நிறத்தில் பட்டு. புடவையோடு வந்த ரவிக்கைத் துணியில் ஜரிகை அதிகம், பெண்ணுக்கு அது பிடிக்கவில்லை. பிளைனாக வேறு துணி எடுக்கலாம் என்று, நம்ம ஊர்க்காரராயிற்றே என்கிற நம்பிக்கையில் அங்கப்பண்ணனிடம் வந்தார். சாயங்காலம் நாலரை மணி, மேகமே இல்லாத வானம், கிழக்கே பார்த்த எங்கள் வாசலில் நிழல் விழுந்திருந்தது. அண்ணன் வழக்கம்போல் இரண்டடி நடந்தார், பார்த்தார், கொடுத்தார். என்னிடம் அந்தப் பிட் மட்டும்தான் வந்தது, புடவை வரவில்லை. கழுத்துக்கும் கைக்கும் ஆரி வேலை போட்டுப் பத்து நாள் உட்கார்ந்து தைத்தேன்.

முடித்ததை வாங்கிப் போன சுப்பாத்தாள் மறுநாளே புடவையோடு திரும்பி வந்தார். காலை வெயிலில் இரண்டையும் விரித்துப் பிடித்தார்.

"ஏனுங், இது ரெண்டும் ஒரே கலருங்களா?"

புடவை கத்திரிப்பூ, ரவிக்கை கருநீலம். நான் தலையில் அடித்துக்கொண்டேன். அங்கப்பண்ணன் வந்து குனிந்து பார்த்தார்.

"ஒண்ணுதானுங்க" என்றார்.

சுப்பாத்தாள் சத்தம் போடவில்லை. அந்த ஊர்க்காரர்கள் கோபம் வந்தால் இன்னும் மரியாதையாகப் பேசுவார்கள். "அப்பக் கண்ணு எனக்குத்தான் கெட்டுப்போச்சாட்டங்குதுங்க" என்று சொல்லிவிட்டு, புடவையோடு வந்த அந்தக் கத்திரிப்பூ ஜரிகைத் துணியை மட்டும் என்னிடம் கொடுத்துவிட்டுப் போனார். அடுத்தமுறை கலருக்கு நான் அதை வைத்துப் பார்க்க வேண்டுமாம்.

அந்த மாதத்தில் அது மூன்றாவது புகார். கடை முதலாளி வெங்கடபதி, அங்கப்பண்ணனைவிடப் பதினைந்து வயசு சின்னவர், நல்ல மனுஷர். தனியாகக் கூப்பிட்டுத்தான் சொன்னார். "அண்ணே, ஒருக்கா கண் ஆஸ்பத்திரிக்குப் போயிட்டு வந்துருங்க. இல்லீனா ஆடி முடிஞ்சதும் லைனிங் பக்கம் பாத்துக்கங்க."

லைனிங் பக்கம் என்றால் ரவிக்கைக்கு உள்ளே வைத்துத் தைக்கிற துணி, வெள்ளை, கறுப்பு, தோல் நிறம். மூன்றே அடுக்கு. யார் வேண்டுமானாலும் எடுத்துக் கொடுக்கலாம். முப்பத்தோரு வருஷத்துக்குப் பிறகு அங்கே போய் நிற்பதைவிட ஊருக்கே போய்விடலாம் என்று அண்ணன் என்னிடம் சொன்னார். ஆஸ்பத்திரி என்ற பேச்சே அவருக்கு ஆகவில்லை. பயம்தான், வேறென்ன. "எங்கண்ணுக்கு ஒண்ணுமில்லீங் அம்மணி. வெளிச்சந்தான் மாறிப்போச்சு. நான் நிரூபிச்சுக் காட்டறேன்" என்றார். கண்ணில் குறை இல்லை, வானத்தில்தான் குறை என்று ஒரு மனுஷன் சொன்னால் நாம் என்ன செய்வது? சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

மறுநாள் ஓர் அட்டையில் ஏழு துண்டுத் துணியை வரிசையாக ஒட்டிக்கொண்டு வந்தார். முதலாவது வெள்ளை. காலை, உச்சி, சாயங்காலம், பொழுது சாயும் நேரம் என்று தினம் நாலு தடவை அதை ரோட்டில் வைத்துப் பார்ப்பது, நோட்டில் எழுதுவது. சாட்சிக்கு நான். பாதி தைத்த ரவிக்கையை மிஷினிலேயே விட்டுவிட்டு ஓட வேண்டும். முதல் வாரம் திட்டிக்கொண்டே போனேன். இரண்டாவது வாரம் அவர் கூப்பிடுவதற்கு முன்னாலேயே நான் வாசலுக்கு வந்து நின்றேன்.

ஏனென்றால் விஷயம் இருந்தது. வெள்ளைத் துண்டு பாதி வெயிலிலும் பாதி நிழலிலும் இருக்கும்படி அட்டையை வைத்தால், வெயிலில் இருக்கும் வெள்ளையில் லேசாக மஞ்சள் ஏறியிருந்தது. நிழலில் இருக்கும் வெள்ளையில் நீலம் போட்ட சாயல் இருந்தது. ஒரே துணி, ஒரே நேரம். பொழுது சாயும்போது அதே வெள்ளை செம்மண் பூசிக்கொண்டது. ஆனி, ஆடியில் பாலக்காட்டுப் பக்கமிருந்து காற்று மேகங்களை விரட்டிக்கொண்டு வருமே, அப்படி ஒரு மேகம் பொழுதை மறைத்தால் வெயில் பாதி, நிழல் பாதி என்ற பேதமே இல்லாமல் அந்தத் துண்டு முழுக்க ஒரே வெள்ளை. மேகம் நகர்ந்ததும் பழையபடி இரண்டாகிவிடும். ஐம்பது வயசாகப் போகிறது, தினம் இந்த வாசலில்தான் நிற்கிறேன், இதை நான் பார்த்ததே இல்லை.

ஒருநாள் புடவைக்கு ஃபால்ஸ் வைக்க வந்த சாய்ப்ரியா எங்களைப் பார்த்து நின்றுவிட்டாள். பக்கத்துக் கல்லூரியில் இயற்பியல் சொல்லிக்கொடுக்கிற பெண். நாங்கள் செய்வதைக் கேட்டதும் அவள் முகம் மலர்ந்துவிட்டது. ஸ்கூட்டியிலேயே சாய்ந்துகொண்டு சொன்னாள்.

"வெயில்ல எல்லாக் கலரும் கலந்துதானுங்க வருது. நம்ம காத்து அதுல நீலத்தைத்தான் அதிகமாச் சிதறடிக்குது. அதனாலதான் வானம் நீலம். நிழல்ல நேரா வெயில் படறதில்லைங்க. வானத்து வெளிச்சந்தான் படுது. உங்க வெள்ளைத் துணி நீலமாத் தெரியறது அதான்."

"அப்ப மேகம் மட்டும் ஏனுங்க வெள்ளையா இருக்குது? அதும் வானத்துலதான இருக்குது?" என்று அங்கப்பண்ணன் கேட்டார்.

"மேகத்துல இருக்கறது தண்ணித் துளிங்க. நம்ம கண்ணுக்குப் பொடிசு. ஆனா வெளிச்சத்துக்குப் பெரிசு. நீலம், சிவப்புன்னு பிரிச்சுப் பாக்காம எல்லாத்தையும் ஒரே மாதிரி சிதறடிச்சுரும். எல்லாம் சேர்ந்து வந்தா வெள்ளைதானுங்களே."

"கருமேகம்?"

"அது ரொம்பக் கனம். வெளிச்சத்துல பாதிக்கு மேல மேல்பக்கமே திரும்பிப் போயிருது, அடிக்கு வர்றது கம்மி. விமானத்துல போய் மேலிருந்து பாத்தீங்கன்னா அதுவும் வெள்ளைதான்."

சாயங்காலச் சிவப்பையும் அவரே கேட்டார். பொழுது சாய்ந்தால் வெயில் சாய்வாக நெடுந்தூரம் காற்றுக்குள் வர வேண்டியிருக்கிறது, வழியிலேயே நீலமெல்லாம் சிதறிப் போய்விடுகிறது, நம்மிடம் வந்து சேர்வது சிவப்பும் மஞ்சளும்தான் என்றாள் சாய்ப்ரியா. அண்ணன் அதை நோட்டில் எழுதிக்கொண்டார். அன்றைக்கு மதியச் சாப்பாட்டை மறந்துவிட்டார். மூன்று மணிக்கு டப்பாவைத் திறந்தபோது, "அடிப்பக்கம் கறுப்பு, மேல்பக்கம் வெள்ளை" என்று தனக்குள் சொல்லிக்கொண்டே சாப்பிட்டார்.

அடுத்த நாள் வெங்கடபதியை வாசலுக்கு இழுத்து வந்து இரண்டு அரக்கு நிறத் துணிகளைக் காட்டினார். நிழலில் இரண்டும் ஒன்று. மேகம் வந்ததும் ஒன்றில் பழுப்பு தெரிந்தது. சாயம் வேறு வேறு என்றால் இப்படித்தான், ஒரு வெளிச்சத்தில் சேரும், இன்னொன்றில் பிரியும். வெங்கடபதி இரண்டையும் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். இனிமேல் மேகத்து வெளிச்சத்தில்தான் கலர் பார்ப்பது என்று அண்ணன் சட்டமே போட்டுவிட்டார். "சுப்பாத்தா வந்தன்னிக்கு மேகமில்லீங்க. நீல நிழல்ல பாத்துப்போட்டேன். அவ்வளவுதான்." அவர் ஜெயித்துவிட்டார் என்றுதான் நானும் நினைத்தேன். உள்ளுக்குள் சந்தோஷமாகவும் இருந்தது.

அந்தக் கணக்கை முழுசாகத் தீர்த்துவிட வேண்டும் என்று ஆடி ஏழாம் தேதி உச்சியில் என்னைக் கூப்பிட்டார். சுப்பாத்தாள் கொடுத்த ஜரிகைத் துணியும், நான் தைத்து மிச்சமிருந்த பிட்டும் வேண்டுமாம். எடுத்துக்கொண்டு போனேன். தலைக்கு மேல் பஞ்சு மாதிரி பெரிய வெள்ளை மேகம் வந்து பொழுதை மூடியது. இரண்டையும் சேர்த்துப் பிடித்தார். இப்போது வித்தியாசம் தெரிந்துவிடும், அப்போதே மேகத்தில் பார்த்திருக்கணும் என்று சொல்லப்போகிறார் என்று காத்திருந்தேன்.

"இப்பவும் ஒண்ணாத்தானுங்க இருக்குது" என்றார்.

ஒன்று கத்திரிப்பூ, ஒன்று கருநீலம், எங்கள் கடைக்கு வருகிற கைக்குழந்தைகூடச் சொல்லும். என் முகத்தைப் பார்த்தார். பிறகு மேகத்தைப் பார்த்தார்.

"அம்மணி, அந்த மேகம் உங்களுக்கு என்ன வெள்ளை?"

"வெறும் வெள்ளைங்கண்ணா."

"எனக்குச் சந்தனம் கரைச்சு ஊத்துனாப்பல இருக்குது. மேகம் கலரைப் பிரிக்காதுன்னு அந்தப் புள்ள சொன்னாளே."

அட்டையைப் பாதி வெயிலிலும் பாதி நிழலிலும் வைத்துப் பார்த்த பழக்கம் அவருக்கு. பிட்டைத் தூக்கி இடது கண்ணை மறைத்துக்கொண்டு மேகத்தைப் பார்த்தார். பிறகு வலது கண்ணை மறைத்தார். திரும்பவும் இடது, திரும்பவும் வலது. மேட்டுப்பாளையம் ரோட்டில் பஸ்கள் ஹாரன் அடித்துக்கொண்டு போயின, அவர் நகரவில்லை. இரண்டு கண்ணாலும் சேர்த்துப் பார்க்கிறவரைக்கும் இது யாருக்குத் தெரியும்? வானத்தை ஒற்றைக் கண்ணால் பார்க்க நமக்கெல்லாம் என்ன தேவை இருக்கிறது.

"இந்தக் கண்ணுக்கு ஒரு மேகம், அந்தக் கண்ணுக்கு ஒரு மேகமுங்க" என்றார். "இடது கண்ணுல டீக்கறை." பிட்டை மடித்துக்கொண்டே, "ஒரு மாசமா வானத்து மேல பழி போட்டுட்டு இருந்திருக்கேன்" என்றார்.

அழுகை வந்துவிட்டது எனக்கு. அடக்கிக்கொண்டு, வானத்து மேலும் பாதித் தப்பு இருந்ததுதானே என்றேன். அதை அவர் ஒப்புக்கொண்டார். பிறகு கடைக்குள் போய் வெங்கடபதியிடம் அவரே சொன்னார், என்னை அனுப்பவில்லை. நோட்டைத் திறந்து, தான் எழுதியதில் எந்தெந்த வரியை இனி நம்பக்கூடாது என்று கோடுகூடப் போட்டுக் கொடுத்தார்.

ஆஸ்பத்திரியில் பார்த்ததில் கண்புரை. இடது கண்ணில் முற்றியிருந்தது, வலது கண்ணில் ஆரம்பம். வருஷக்கணக்காகக் கொஞ்சம் கொஞ்சமாக மஞ்சள் ஏறியதால் அவருக்குத் தெரியாமலே போயிருக்கிறது என்று டாக்டர் சொன்னாராம். இடது கண்ணுக்கு அந்த வாரமே ஆபரேஷன் நடந்தது. ஆடி கடைசியில் கறுப்புக் கண்ணாடியோடு என் கடை வாசலில் வந்து நின்றார்.

"ஊட்டுச் சுவரு வெள்ளையாமுங் அம்மணி. நாலு வருஷமா நான் அதைச் சந்தனக் கலருன்னு நினைச்சுட்டு இருக்கேன்."

நீலம் என்றால் இத்தனை நீலமா என்று வழியில் ஒரு வீட்டு சங்குப்பூவைப் பார்த்து நின்றுவிட்டாராம். மறுகண்ணை அடுத்த மாதமே செய்துவிடலாம் என்று டாக்டர் சொல்லியும், ஐப்பசிக்குத் தள்ளி வைத்திருக்கிறார். எதற்கு என்று திட்டினேன். அவர் அசரவில்லை. "ரெண்டு மேகம் பாக்கற வாய்ப்பு யாருக்குங்க கெடைக்கும்? இன்னுங் கொஞ்ச நாளைக்குப் பாத்துக்கறேன்." இப்போதும் வாசலில் நின்று ஒரு கண் மாற்றி ஒரு கண்ணை மூடிக்கொண்டிருப்பார். ரோட்டில் போகிறவர்கள் தங்களைப் பார்த்துக் கண்ணடிக்கிறார் என்று நினைக்கப்போகிறார்கள் என்று சொல்லிப் பார்த்துவிட்டேன்.

ஆவணி பிறந்து நாலாம் நாள் சுப்பாத்தாள் மகளையும் கூட்டிக்கொண்டு வந்தார். நான்தான் போன் செய்து வரச்சொன்னேன். கல்யாணத்துக்குப் பதினெட்டு நாள் இருந்தது. வானம் வெறிச்சென்று இருந்தது. அங்கப்பண்ணன் ஸ்டூல் போட்டு அவர்களை உட்கார வைத்து, "சித்த இருங்க, மேகம் வரட்டும்" என்றார். சுப்பாத்தாள் என்னைப் பார்த்தார். நான் வேறு பக்கம் திரும்பிக்கொண்டேன்.

கால் மணி நேரம் ஆயிற்று. மேற்கே மலைப்பக்கமிருந்து ஒரு மேகம் வந்து பொழுதை மூடியது. அண்ணன் முந்தானையையும் மூன்று பிட்டையும் எடுத்துக்கொண்டு இரண்டடி நடந்தார். வலது கண்ணை மூடிக்கொண்டு பார்த்தார். அதில் ஒரு பிட்டைத் தனியே எடுத்தார். கொடுக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார்.

"எனக்கு இதுன்னு தோணுதுங்க. உங்களுக்கு எப்படித் தெரியுது? நீங்களும் ஒருக்கா பாருங்க."

பதினாலு வருஷத்தில் அந்த வாசலில் அப்படி ஒரு வார்த்தையை நான் கேட்டதில்லை. சுப்பாத்தாள் எழுந்து வந்து, பிட்டை வாங்கிப் புடவை மேல் வைத்துப் பார்த்தார். மேகத்தையும் ஒருதரம் அண்ணாந்து பார்த்துக்கொண்டார்.

"ஒண்ணுதானுங்க" என்றார்.

அங்கப்பண்ணன் தலையை மட்டும் ஆட்டினார். நான் டேப்பை எடுத்துக்கொண்டு லோகப்பிரியாவை அளவெடுக்கக் கூப்பிட்டேன்.